அவர் நடந்தார், நான் வெளிச்சம் பிடித்தேன்

அந்த விளையாட்டுப் பிடியை ஒரு ஆள் தன் இரண்டு கையாலும் பிடிக்க வேண்டும் என்றுதான் செய்திருக்கிறார்கள். எங்கள் வீட்டில் அதை இரண்டு பேர் பிடித்தோம். இடது பக்கம் அவருடைய கை, வலது பக்கம் என்னுடைய கை. அவருடைய வலது கை மடியில் கிடக்கும். நான் துவாயால் துடைத்து எங்கே வைக்கிறேனோ அங்கேயே கிடக்கும். இடது பெருவிரலால் அவர் குமிழைத் தள்ளினால் ரீவித் திரைக்குள் இருக்கிற ஆள் நடப்பான். வலது பெருவிரலால் நான் தள்ளினால் அந்த ஆள் தலையைத் திருப்பிப் பார்ப்பான். அவன் கையில் இருக்கிற விளக்கைப் போடுவதும் நூர்ப்பதும் என் சுட்டுவிரலுக்குக் கீழே இருந்த பொத்தான். விளக்கை அணைப்பதை நாங்கள் நூர்ப்பது என்போம். இப்படி அவர் நடக்க, நான் வெளிச்சம் பிடித்துக்கொண்டு பின்னால் போனேன். கல்யாணம் கட்டின நாளிலிருந்து நாங்கள் போனதெல்லாம் அப்படித்தான். அதனால் அது எனக்குப் புதிதாகத் தெரியவில்லை.

நான் மூன்றாம் வகுப்போடு நின்றவள். இதை நானே எழுதுகிறேன். போனில் சொல்லுங்கோ, நான் அடித்துத் தாறன் என்று மகள் கேட்டாள். வேண்டாம் என்று சொல்லிவிட்டேன். பிழை இருந்தால் திருத்துகிறவர்கள் எழுத்தைத் திருத்தட்டும், சொல்லைத் தொட வேண்டாம்.

அவர் முதலில் கடலுக்குப் போனவர். முழங்கால் விட்ட பிறகு குருநகர் கரையில் நின்று மீன் கூறினார். வள்ளம் வந்ததும் மீனைக் குவித்து வைத்து, விலையைக் கூவி ஏலத்தில் விடுவதைத்தான் கூறுவது என்பது. அவர் கூறினால் றோட்டில் சைக்கிளில் போகிறவனுக்கும் பாரை என்ன விலை போகிறது என்று தெரிந்துவிடும். கோயிலில் அவர் மன்றாட்டு வாசிக்கப் போனால் பங்குச் சுவாமி மைக்கைத் தள்ளி வைத்துவிடுவார். வீட்டில் எங்களுக்குள் சண்டை வந்தால், நான் அயலில் யாருக்கும் எதையும் விளங்கப்படுத்தத் தேவையில்லை. எல்லாரும் முழுக்கக் கேட்டிருப்பார்கள்.

அந்தக் குரல் ஒரு நாள் காலையில் விலை சொல்லிக்கொண்டு நிற்கும்போது பாதியில் நின்றது. பகிடி விடுகிறார் என்று நினைத்துச் சுற்றி நின்றவர்கள் சிரித்தார்களாம். கூட்டத்தில் ஒருவன் அவர் விட்ட இடத்திலிருந்து அவரைப் போலவே விலை சொல்லிக் காட்டினானாம். பிறகுதான் வாய் கோணியிருப்பதைக் கண்டார்கள்.

ஆசுப்பத்திரியால் வீட்டுக்குக் கொண்டுவந்தபோது வலது பக்கம் முழுக்கப் போய்விட்டிருந்தது. வாயில் 'பா' என்ற ஒரு சத்தம் மட்டும் இருந்தது, பிறகு அதுவும் நின்றுவிட்டது. கிளினிக்கில் இருந்த டொக்டர்ப் பிள்ளை எனக்கு நன்றாக விளங்கப்படுத்தினாள். நாம் சொல்வது அவருக்கு விளங்குமாம், திருப்பிச் சொல்லத்தான் சொல் அகப்படாதாம். பயத்திலோ கோபத்திலோ சிலருக்குச் சொல் தன்பாட்டில் வந்து விழுவதுண்டாம். இருக்கிற கையைச் சும்மா விடாமல் எதிலாவது பழக்குங்கோ என்றும் சொன்னாள்.

அவர் எழும்பி நடக்க வேண்டும் என்றோ, கரைக்குத் திரும்பிப் போக வேண்டும் என்றோ நான் ஆசைப்படவில்லை. அவர் என்னை ஒரு நாளும் பேர் சொல்லிக் கூப்பிட்டதில்லை. 'இஞ்சேர்' என்றுதான் கூப்பிடுவார். வாசல் படலையில் நின்று கூப்பிட்டால் கிணற்றடியில் எனக்குக் கேட்கும். அந்த 'இஞ்சேர்' ஒருக்கால் கேட்க வேண்டும். எனக்கு வேண்டியிருந்தது அவ்வளவுதான்.

செபமாலை சொல்லிப் பார்த்தேன். அவருடைய உதடு அசையும், சத்தம் வராது. கோபத்தில் வரும் என்றார்களே என்று, அவருக்குப் பிடிக்காததை எல்லாம் வேண்டுமென்றே செய்தேன். ஒரு நாள் சொதிக்குள் உப்பை அள்ளிப் போட்டேன். முந்தின காலமென்றால் சோற்றுக் கோப்பை முற்றத்துக்குப் போயிருக்கும். அவர் என்னை ஒருதரம் நிமிர்ந்து பார்த்துவிட்டு, கடைசிச் சோறு வரைக்கும் சாப்பிட்டு முடித்தார். அதற்குப் பிறகு நான் அந்த வேலைக்குப் போகவில்லை.

மகளும் மருமகனும் கனடாவிலிருந்து கோயில் திருவிழாவுக்கு வந்தபோது, மருமகன் தன்னுடைய கேம் பெட்டியையும் கொண்டு வந்திருந்தார். பெரிய வேலையில் இருக்கிற மனிசன், அதில்லாமல் இருக்க மாட்டார். விறாந்தையில் வெயில் கூடாமல் யன்னலைச் சாத்திவிட்டு, பேய் துரத்துகிற விளையாட்டு ஒன்றை விளையாடுவார். இவரைப் பக்கத்துக் கதிரையில் இருத்திவிட்டிருந்தேன். ஒரு நாள் தேத்தண்ணி கொண்டு போகும்போது பார்த்தேன். இவருடைய இடது பெருவிரல் தன் முழங்காலின் மேல் அசைந்துகொண்டிருந்தது. பேய் வரும்போது வேகமாக அசைந்தது. நான் தேத்தண்ணியை வைத்துவிட்டு, மருமகனிடம் அந்தப் பிடியை அவர் கையில் கொடுங்கோ என்றேன்.

மருமகன் போகும்போது பெட்டியை எங்களுக்கே விட்டுவிட்டுப் போனார். ஒரே பேய்க் கதையை மூன்று பாகமாகச் செய்திருந்தார்கள். பெரிய கம்பனிக்காரர் செய்ததில்லையாம். கூட்டாளிமார் இரண்டு பேர் தங்கள் வீட்டு அறைக்குள் இருந்து செய்ததாம். அதனால்தான் முகங்கள் தெளிவில்லாமல் இருக்கின்றன, அதனால்தான் பயமும் கூட என்றார். எனக்கு முகம் தெரியாதது ஒரு குறையாகப் படவில்லை. நாங்கள் யாருக்குப் பயந்து ஒளித்திருந்தோமோ அவர்களின் முகத்தையும் நாங்கள் கண்டதில்லை.

முதலாம் பாகம் பாழடைந்த ஒரு பள்ளிக்கூடம். நெட்டையான ஒன்று அதற்குள் திரியும். அது வருவதற்கு முன் ஒரு இரைச்சல் கேட்கும். தூரத்தில் மோட்டர் ஓடுவது போலத் தொடங்கிக் கிட்டக் கிட்ட வரும். திரையில் வருகிற இங்கிலீசு எனக்கு வாசிக்கத் தெரியாது. சிவப்பு எழுத்து வந்தால் செத்துவிட்டோம், வெள்ளை எழுத்து வந்தால் ஒரு இடம் கடந்துவிட்டோம் என்று வைத்துக்கொண்டேன்.

முதல் சில நாள் சிவப்பு எழுத்து மட்டும்தான் வந்தது. இரைச்சல் கேட்ட உடனே நான் விளக்கை நூர்த்துவிடுவேன். அவரும் அந்த நேரமே குமிழை விட்டுவிடுவார். இரண்டு பேரும் இருட்டில் மூச்சுக் காட்டாமல் இருப்போம். அது நேரே வந்து எங்களைப் பிடித்துக்கொண்டு போகும். திரும்பத் தொடங்குவோம், திரும்ப நூர்ப்பேன், திரும்பச் சாவோம். ஒளித்ததில் ஒரு பிழையும் எங்களுக்குத் தெரியவில்லை. இவ்வளவு வடிவாக அசையாமல் இருக்கிறோம், பிறகு எப்படிக் கண்டுபிடிக்கிறது என்றுதான் நான் யோசித்தேன்.

சண்டைக் காலத்தில் எங்களுக்குக் கறண்ட் இருக்கவில்லை. மண்ணெண்ணெயும் கிடைக்காது. ஜாம் போத்தலுக்குள் பஞ்சு வைத்து, அதில் துளி எண்ணெய் விட்டு எரிப்போம். வானத்தில் இரைச்சல் கேட்டால் அவர் குரலை அடக்கி 'நூர்' என்பார். அவர் சொல்லி முடிக்க முன்னம் என் கை போத்தலுக்கு மேல் இருக்கும். கடலிலும் அப்படித்தானாம். நேவிப் படகுச் சத்தம் கேட்டால் கூட வந்தவனுக்கு அதே ஒரு சொல், வள்ளத்தில் இருந்த விளக்கு போய்விடும். அப்படி நூர்த்ததால்தான் நாங்கள் இன்றைக்கு இருக்கிறோம்.

போனில் இதைச் சொன்னபோது மருமகன் சிரித்துவிட்டார்.

"லைற்றை நூக்காதேங்கோ மாமி. நூத்தால்தான் அது வரும். வெளிச்சத்துக்கு அது கிட்ட வராது."

"சத்தம் கேட்டாப் பிறகும் எரிய விடுறதோ?"

"ஓம் மாமி. அப்பதான் எரிய விடோணும்."

இதைச் செய்தவர்கள் குண்டு விழாத ஊரில் இருந்து செய்திருக்கிறார்கள் என்று நான் சொன்னேன்.

என் விரலைப் பழக்குவதற்கு நான் பட்ட பாடு எனக்குத்தான் தெரியும். இரைச்சல் கேட்டதும் விரல் தன்பாட்டில் அமர்த்திவிடும். கடைசியில் விரலைப் பொத்தானில் படாமல் பின்னுக்கு மடித்து வைத்துப் பழகினேன். அவருக்கு அது பிடிக்கவில்லை. சத்தம் கிட்ட வர வர, எரிகிற விளக்கைப் பார்த்துவிட்டு என்னைப் பார்ப்பார். முழங்காலால் என் காலை இடிப்பார். நான் நூர்க்காமல் இருந்தேன். அந்த நெட்டையன் வெளிச்சத்தின் ஓரத்தில் வந்து நின்று ஆடிவிட்டுத் திரும்பிப் போனான். வெள்ளை எழுத்து வந்தது. அவருடைய பாதி வாய் சிரித்தது.

அவருடைய தமக்கை, என் மச்சாள், ஒரு பின்னேரம் வந்து கதவடியிலேயே நின்றுவிட்டா.

"திருஇருதயப் படத்துக்குக் கீழை இருந்து பேயோடை விளையாடுறியள். உனக்கு விசரோடி?"

"அது நல்ல பேய், மச்சாள். வந்தாலும் தேத்தண்ணி கேக்காது."

மச்சாள் தேத்தண்ணி குடிக்காமலே திரும்பிப் போய், ஊரெல்லாம் சொல்லிவிட்டா. சுவாமி வந்து விசாரித்தார். அவருக்குப் பிடியைக் காட்டி, இந்தக் கை இதற்குத்தான் அசைகிறது சுவாமி, வேறு ஒன்றுக்கும் அசையவில்லை என்றேன். கொஞ்ச நேரம் இருந்து பார்த்துவிட்டு, ஆசீர் கொடுத்துவிட்டுப் போனார். நான் யாரிடமும் போய் நின்று அழுகிற ஆளில்லை. என் வீட்டுக்குள் நான் செய்வதற்கு எவருடைய உத்தரவும் எனக்குத் தேவையில்லை.

இரண்டாம் பாகம் ஒரு கப்பல். ஆளில்லாத பழைய இரும்புக் கப்பல். அவருக்கு அது நன்றாகப் பிடித்தது, கடல் அசைகிற மாதிரியே திரையும் அசையும். கப்பலின் அடித்தட்டுக்கு இறங்குகிற ஏணியடியில் ஒரு இடம் இருந்தது. அங்கே இரைச்சல் தலைக்கு மேலால் வரும். மோட்டர்ச் சத்தம் மாதிரி இல்லை. ஹெலிகொப்டர் தாழப் பறந்து வருகிற அதே சத்தம். முதல் நாள் அதைக் கேட்டபோது நான் தலையைக் குனிந்துவிட்டேன். விரலை மடித்துக்கொண்டேன். அவருடைய உடம்பு கதிரையில் இறுகியது. வாய் இரண்டு முறை திறந்து மூடியது.

"நூர்."

தெளிவாக, அடக்கின குரலில் சொன்னார். அதே பழைய சொல், அதே குரல். நான் யோசிக்கவில்லை, விரல் போய் அமர்த்திவிட்டது. திரை இருண்டது, அது வந்து பிடித்தது, சிவப்பு எழுத்து வந்தது. நான் பிடியைக் கீழே போட்டுவிட்டு அவருடைய முகத்தை இரண்டு கையாலும் பிடித்தேன். இன்னொருக்கால் சொல்லுங்கோ என்று கேட்டேன். தன் வாயிலிருந்து என்ன வந்தது என்று அவருக்கே தெரியாதது போல என்னைப் பார்த்தார்.

அதற்குப் பிறகு எனக்கு விளையாட்டை முடிப்பதில் அக்கறை இருக்கவில்லை. ஒவ்வொரு நாளும் மத்தியானச் சாப்பாட்டுக்குப் பிறகு அவரை அந்த ஏணியடிக்குக் கூட்டிக்கொண்டு போனேன். ஹெலிச் சத்தம் வரும், அவர் 'நூர்' என்பார், நான் நூர்ப்பேன், சாவோம். திரும்பப் போவோம். ஒரு சொல் வந்தால் அதைப் பிடித்துக்கொண்டு மற்றச் சொல் வரும் என்று நம்பினேன். வலையில் ஒரு கண்ணைப் பிடித்து இழுத்தால் முழு வலையும் வரத்தானே வேண்டும். விளையாட்டு இல்லாத நேரங்களிலும் சொல் வரத் தொடங்கியது. குளிக்க வார்க்கும்போது ஒரு நாள் வந்தது. மச்சாளைக் கண்டதும் ஒரு நாள் வந்தது. அன்றைக்கு நான் நன்றாகச் சிரித்தேன்.

ஆனால் வந்ததெல்லாம் அந்த ஒரே சொல்தான். தண்ணீருக்கும் நூர். பசிக்கும் நூர். முதுகு கடித்தாலும் நூர். மூத்திரம் வந்தாலும் நூர். குரலின் ஏற்ற இறக்கம் மட்டும் மாறும். நான் பின்னால் ஓடி ஓடி இதுவோ, அதுவோ என்று கேட்க வேண்டும்.

மகளுக்குச் சொல்லியிருந்தேன், அப்பாவுக்கு ஒரு சொல் வந்திருக்கிறது என்று. அவள் போனில் முகத்தைக் காட்டிக்கொண்டு காத்திருந்தாள். நான் போனை அவருடைய முகத்துக்கு நேரே பிடித்தேன். மகளைக் கண்டதும் அவருடைய கண் கலங்கியது.

"நூர்," என்றார். "நூர். நூர்."

அவளுடைய முகம் விழுந்துவிட்டது. "அம்மா, அப்பா போனை நூக்கச் சொல்லுறாரோ?"

"இல்லையடி. உன்னைக் கண்ட சந்தோசம்."

"அப்ப ஏன் அப்பிடிச் சொல்லுறார்?"

"அவரிட்டை இப்ப அந்த ஒரு சொல்லுத்தான் இருக்கு. தாறதுக்கு வேறை என்ன இருக்கு, அவரிட்டை?"

கிளினிக்குக்குக் கொண்டுபோனபோது டொக்டர்ப் பிள்ளை நிறைய நேரம் அவரோடு இருந்தாள். பிறகு என்னைத் தனியாகக் கூப்பிட்டாள். சிலருக்கு இப்படி ஒரு சொல் வந்து ஒட்டிக்கொள்ளுமாம். அவர் மனதில் நினைப்பது வேறு, வாயில் வருவது அது. அதிலிருந்து மற்றச் சொல் வரும் என்று சொல்ல ஏலாது அம்மா, அதோடு நின்றுவிடவும் கூடும் என்றாள். நல்ல பிள்ளை, பொய் சொல்லவில்லை. நான் அவளுக்கு நன்றி சொல்லிவிட்டு, ஓட்டோ பிடித்து அவரைக் கூட்டிக்கொண்டு வந்தேன். வழியெல்லாம் அவர் கரைப் பக்கம் பார்த்து நூர், நூர் என்று சொல்லிக்கொண்டு வந்தார். யாரைக் கண்டார், எதைச் சொன்னார் என்று நான் கேட்கவில்லை. அந்தச் சொல்லைக் கேட்டு நிமிர்ந்து பார்ப்பதை நான் அன்றோடு விட்டுவிட்டேன் என்று நினைக்கிறேன். கிளினிக் போய் வந்த அலுப்பு என்று முதலில் எண்ணினேன். அதற்குப் பிறகும் அது என் காதில் இருமல் மாதிரித்தான் விழுந்தது.

மூன்றாம் பாகத்தைப் போட்டது அவருடைய கைக்காக மட்டும்தான். கையாவது மிஞ்சட்டும் என்று போட்டேன். அது ஒரு வீடு. சாதாரண வீடு, குசினி, சாமியறை மாதிரி ஒரு சின்ன அறை, பின்னால் ஒரு கிணறு. நெட்டையன் அதற்குள்ளும் இருந்தான். எனக்குத்தான் இப்போது எல்லாம் தெரியுமே. விரலைப் பின்னுக்கு மடித்துக்கொண்டேன். இரைச்சல் தொடங்கியது. விளக்கு எரிகிறது. அவர் "நூர்" என்றார். நான் எரிய விட்டேன். நெட்டையன் ஓரத்தில் நிற்கவில்லை, வெளிச்சத்துக்குள்ளேயே வந்தான். அவர் முழங்காலால் இடித்தார், இடது கையை எடுத்து என் கையில் அடித்தார்.

"நூர்."

நான் திரையைப் பார்த்துக்கொண்டு, "பேசாமல் இருங்கோ, நான் பாக்கிறன்," என்றேன்.

சிவப்பு எழுத்து வந்தது.

திரும்பத் தொடங்கினோம். திரும்பவும் அப்படியே. அன்றைக்கு எத்தனை தரம் செத்தோம் என்று தெரியாது. ஒவ்வொரு தரமும் அவர் சொன்னார். ஒவ்வொரு தரமும் நான் எரிய விட்டேன். அவருடைய நெற்றியெல்லாம் வேர்த்துவிட்டது. வெயில் கூட என்று நினைத்து ஃபான் காற்றைக் கூட்டிவிட்டேன்.

இரவுச் சாப்பாட்டுக்கு முன் மருமகன் போனில் கூப்பிட்டார். மூன்றாவதில் சிக்கிப் போனோம் என்றேன்.

"அதிலை மாத்திப்போட்டாங்கள் மாமி. மூண்டாவதிலை அது வெளிச்சத்துக்குத்தான் வரும். சத்தம் கேட்டால் உடனை நூக்கோணும்."

நான் போனைக் காதில் வைத்தபடி அவரைப் பார்த்தேன். அவர் என்னைப் பார்த்துக்கொண்டுதான் இருந்தார். மருமகன் சொன்னது அவருக்கும் கேட்டிருக்கும், போன் அப்படிச் சத்தமாக இருந்தது. அன்றைக்கு அவர் சொன்னது ஒட்டிக்கொண்ட சொல்லோ, உண்மையாகச் சொன்ன சொல்லோ என்று எனக்கு இன்றைக்கும் தெரியாது. என் கையில் அடித்தாரே. நூர்க்கச் சொல்லித்தான் அடித்திருக்க வேண்டும். வாயில் வந்ததும் மனதில் இருந்ததும் ஒன்றாகப் பொருந்திய நேரம் ஒன்று வந்திருந்தால், அது அந்தப் பின்னேரம்தான்.

அடுத்த நாள் மத்தியானம் யன்னலைச் சாத்தி, பெட்டியைப் போட்டு, பிடியின் இடது பக்கத்தை அவர் கையில் வைத்தேன். அவர் விரலை மடக்கவில்லை. பிடி சரிந்து விழுந்தது. எடுத்துத் திரும்ப வைத்தேன். இண்டைக்கு நீங்கள் சொன்னவுடனை நூப்பன், இஞ்சேருங்கோ, நடவுங்கோ என்றேன். அவர் தலையை யன்னல் பக்கம் திருப்பிக்கொண்டார். அதற்குப் பிறகு அந்தக் கை பிடியைப் பிடிக்கவில்லை. சாப்பாட்டுக் கரண்டியையும் பிடிக்காமல் விட்டது. கோவம் என்று நான் இருந்தேன். கோவமில்லை, இன்னொரு முறை மூளைக்குள் ஏதோ அடைத்திருக்கிறது, சின்னதாக, நீங்கள் கவனித்திருக்க மாட்டீர்கள் என்று ஆசுப்பத்திரியில் சொன்னார்கள். எப்போது அடைத்தது என்று அவர்களுக்கும் சொல்லத் தெரியவில்லை.

இப்போது அவர் கட்டிலில்தான். பெட்டி ரீவிக்குக் கீழே துணி போட்டு மூடிக் கிடக்கிறது. யாருக்காவது கொடுக்கலாமே அம்மா என்று மகள் கேட்டாள். மூன்றாவது முடியவில்லை என்றேன். தனியாக நான் அதைப் போட்டுப் பார்த்ததுண்டு. என் இடது கைக்கு நடக்கத் தெரியவில்லை. ஆள் சுவரில் முட்டிக்கொண்டு நிற்கிறான்.

சொல் மட்டும் போகவில்லை. போன கிழமை ஒரு பின்னேரம் விடாமல் சொல்லத் தொடங்கினார். தண்ணீர் பருக்கினேன், புரட்டிப் படுக்க வைத்தேன், வயிற்றைத் தடவினேன். நிற்கவில்லை. சரி, இந்த முறை சொன்னதையே செய்வோம் என்று எழும்பினேன். அறை லைற்றை நூர்த்து, இதுவோ என்று கேட்டேன்.

"நூர்."

விறாந்தை லைற்றை நூர்த்தேன். யன்னலைச் சாத்தி, வெயில் வருகிற நீக்கலுக்குச் சேலையை அடைத்தேன். இதுவோ என்று கேட்டேன்.

"நூர்."

திருஇருதயப் படத்துக்கு முன்னால் எரிகிற சின்னச் சிவப்பு பல்ப் ஒன்று மிச்சம் இருந்தது. ஊருக்குக் கறண்ட் வந்த நாளிலிருந்து அதை நான் நூர்த்ததில்லை. சிலுவை போட்டுக்கொண்டு அதையும் நூர்த்தேன்.

அவர் ஒன்றும் சொல்லவில்லை.

கட்டிலைத் தடவிக்கொண்டு போய்ப் பக்கத்தில் இருந்தேன். அவருடைய இடது கையைத் தேடி எடுத்து மடியில் வைத்துக்கொண்டேன். பெருவிரல் அசையவில்லை. மூச்சு வந்து போய்க்கொண்டிருந்தது. இஞ்சேருங்கோ, திரும்பப் போடவோ என்று கேட்டேன். வெளியே யாரோ மோட்டார் சைக்கிளில் போனார்கள், சத்தம் கிட்ட வந்து தேய்ந்து போனது. நான் லைற்றைப் போடாமல் அப்படியே இருந்தேன்.